பெயர் நின்றது, ஆட்கள் மாறினர்

பெயர்கள் இடுகுறி என்றும் காரணம் என்றும் இருதிறப்படும் என்பது நன்னூல் படித்தார் எவரும் அறிந்ததே. ஆயின், ஒரு காரணம் பற்றி எழுந்த பெயர், அக்காரணம் அற்றுப்போன பின்னும் அப்பொருளை விட்டு நீங்காது ஒட்டிநிற்குமாயின், அதனை எத்திறத்தில் அடக்குவது? வகுப்பில் இவ்வினா எழுந்த அன்று யான் வாய்திறவாதிருந்தேன். தக்க எடுத்துக்காட்டு ஒன்று கைவந்தது பின்னரேயாம். அது நம் நாட்டுப் பெயரும் அன்று. நூலிற் கண்ட பெயரும் அன்று. ஹங்கேரி நாட்டுத் தலைநகரின் பெயரைச் சூடிக்கொண்டு, ஐம்பது ஆண்டுக்காலம் ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் இசைபரப்பிய ஒரு குழுவின் பெயர் அது. புடாபெஸ்ட் நால்வர் குழு என்பர். 1917இல் தோன்றி 1967இல் ஓய்ந்தது. ஓய்ந்த ஞான்று அதன்கண் இருந்த நால்வருள் ஒருவரேனும் புடாபெஸ்ட் நகரத்தாரல்லர். அவ்வளவேயோ! அதற்கு முப்பது ஆண்டுகட்கு முன்பிருந்தே ஒருவரும் அந்நகரத்தாராயிருந்திலர்.

இது பொய்ப்பெயர் பூண்டு உலகை மயக்கியதாகாதோ என்று என் விடுதி நண்பர் ஒருவர் கேட்டார். ஆகாது என்பது என் கொள்கை. ஆயினும் அக்கொள்கையை நிறுவப் புகுந்தபொழுது, யான் முதலில் எண்ணியதுபோல் அஃது அத்துணை எளிதாய் இருக்கவில்லை. அந்தத் தடுமாற்றத்தையும் ஒளியாது எழுதுவதே இக்கட்டுரை.

நால்வர் என்றதும் தமிழ் மாணாக்கர் உள்ளத்தில் எழுவோர் சமயக் குரவர் நால்வரே. ஈண்டுக் கூறப்புகுவது அவரையன்று. மேனாட்டிசையில் இரண்டு பிடில், ஒரு வயோலா, ஒரு செல்லோ ஆகிய நான்கு நரம்புக் கருவிகளை வாசிப்பார் நால்வர் கூடிய கூட்டத்தையே ஈண்டு நால்வர் குழு என்கின்றேன். வயோலா பிடிலினும் சிறிது பெரிது, குரல் தாழ்ந்தது. செல்லோ முழங்கால்களுக்கு நடுவே நிறுத்தி வாசிக்கப்படுவது. பதினெட்டாம் நூற்றாண்டில் ஹைடன் என்னும் பெரியார் இவ்வமைப்புக்கு உருவும் உயர்வும் அளித்தார். பின்வந்த பெத்தோவன் பதினாறு உருப்படிகள் இயற்றி அதனை மேனாட்டிசையின் கொடுமுடியாக்கினார். நம் கச்சேரி மேடையிற் பாடுவார் ஒருவர் தலைவராவர். பிடிலும் மிருதங்கமும் அவர் வழிநின்று அணிசெய்வன. நால்வர் குழுவிலோ தலைவர் என்று ஒருவர் இலர். கோல் வீசி நடத்துவாரும் இலர். ஒவ்வொரு கருவிக்கும் தனித்தனிப் பாட்டு உண்டு. நான்கும் ஒன்றையொன்று கேட்டும், மறுத்தும், விட்டுக்கொடுத்தும் செல்லும். கோயிற் பாடகர் கூட்டத்தில் நான்கு குரலிற் பாடிப் பழகியோர்க்கு இதனை விளக்கவேண்டுவதில்லை. ஆல்டோ பாடுவார் இருவரும் காய்ச்சலிற் கிடந்த ஒரு ஞாயிற்றுக்கிழமையில் எங்கள் பாட்டு எவ்வாறு எலும்புந்தோலுமாய் ஒலித்தது என்பதை யான் இன்னும் மறந்திலேன்.

ஒருவர் மாறினும் முழுமையும் மாறிவிடக்கூடிய அத்தகைய நுண்ணிய கூட்டுக்கே ஐம்பது ஆண்டில் பதினொருவர் வந்து அமர்ந்தனர்.

தொடக்கத்தைக் காண்போம். முதல் உலகப்போரால் இசைநாடக அரங்குகள் அடைபட்டு, அவற்றில் வாசித்திருந்தோர் தொழிலிழந்திருந்த காலம் அது. எமில் ஹௌஸர், ஆல்பிரட் இண்டிக், இஸ்த்வான் இப்போலி, ஹாரி ஸன் என்னும் நண்பர் நால்வர் 1917இல் ஒன்றுகூடினர். ஹௌஸர் முதற் பிடில், இண்டிக் இரண்டாம் பிடில், இப்போலி வயோலா, ஸன் செல்லோ. இவருள்ளும் ஸன் என்பார் ஹங்கேரியர் அல்லர், ஆலந்து நாட்டினர். எனவே காரணப்பெயர் பிறக்கும்பொழுதே காற்பங்கு காரணமின்றிப் பிறந்தது எனலாம்!

அவர்கள் தமக்குள் வகுத்துக்கொண்ட விதிகள் சில உண்டு. என் கட்டுரையின் உயிர் அவ்விதிகளிலேயே இருப்பதால் அவற்றைச் சற்று விரித்துரைப்பேன். இசைபற்றியதாயினும் பணம்பற்றியதாயினும் கருத்து வேறுபட்டால் வாக்கெடுத்தே முடிவு செய்தல் வேண்டும். இரண்டுக்கு இரண்டாய் வாக்கு ஒத்து நிற்குமாயின், இருந்தபடியே இருக்கட்டும், மாற்றமில்லை. குழுவுக்குப் புறம்பாக எவரும் வேறு கச்சேரி ஒப்புக்கொள்ளலாகாது. ஊதியம் நால்வர்க்கும் ஒன்றே. முதற் பிடில் வாசிப்பவர் என்பதற்காக ஒரு காசும் மிகுதியில்லை. ஒத்திகைக்கும் ஆலோசனைக்கும் மனைவியரோ காதலியரோ வரலாகாது. இக்கடைசி விதியைக் கேட்டு என் தமக்கையார் நகைத்தார். அந்த வீடுகளில் இரவு ஆலோசனை நடந்திராது என்றா நினைக்கின்றாய் என்றார். அது நிற்க. அக்காலத்து நால்வர் குழுக்கள் பலவும் முதற் பிடில் வாசிப்பவர் பெயராலேயே வழங்கின. ஜோவாகிம் குழு என்றால் ஜோவாகிமே குழு. அவர் 1907இல் மறைந்தார், குழுவும் மறைந்தது. இந்நால்வரோ எவர் பெயரையும் இடாது ஊரின் பெயரை இட்டனர். தம்முள் ஒருவரும் பெரியரல்லர் என்னும் எண்ணமே அப்பெயரை இடச்செய்தது என்று யான் கருதுகின்றேன். ஊர்ப்பெயராய் இருந்தமையாலேயே அஃது ஆளுக்கு ஆள் கைமாறவும் இயன்றது.

இண்டிக் 1920இல் நீங்க, இம்ரே போகானி வந்தார். ஏழாண்டு கழிந்து அவரும் நீங்கினார். 1927இல் அவ்விடத்தில் வந்தவர் ஒடெஸ்ஸா நகரிற் பிறந்த யோசப் ரோய்ஸ்மன். இவரே குழுவினுட் புகுந்த முதல் ரஷ்யர். 1930இல் ஸன் விலக, வில்னா நகரத்து மிஷா ஷ்னைடர் செல்லோவை ஏற்றார். 1932இல் ஹௌஸரே விலகினார். தோற்றுவித்தவருள் ஒருவரும் முதற் பிடிலுமாகிய அவர் விலகுதல் என்பது வேறு எக்குழுவிலும் முடிவுரையாய் இருந்திருக்கும். அவர் எருசலேம் சென்று மறு ஆண்டில் அங்கே ஓர் இசைக்கல்லூரி நிறுவினார். குழுவோ முடியவில்லை. இரண்டாம் பிடில் வாசித்திருந்த ரோய்ஸ்மன் முதற் பிடிலுக்கு உயர்ந்தார். மிஷாவின் தம்பி அலெக்சாண்டர் ஷ்னைடர் இரண்டாம் பிடிலுக்கு வந்தார். இப்பொழுது ரஷ்யர் மூவர். ஹங்கேரியர் இப்போலி ஒருவரே.

இவ்விடத்தில் என் கொள்கை முதன்முறை இடறியது. வாக்கால் முடிவுசெய்தல் என்பது நால்வரும் வெவ்வேறு மனத்தினராய் இருக்குங்கால் நீதியான விதியே. மூவர் ஒரே மண்ணினர், ஒரே பயிற்சியினர், அவருள்ளும் இருவர் உடன்பிறந்தார் என்றாகிவிட்டால்? அப்பொழுதும் அது சமநீதியோ? விதியின் எழுத்து ஒன்றும் மாறவில்லை. மூன்றுக்கு ஒன்று என்னும் கணக்கில் எஞ்சிய ஒருவர், ஒவ்வொரு முறையும் முறைப்படியே தோற்றுக்கொண்டிருப்பார். அவ்வாண்டுகளில் நடந்த வாக்கெடுப்புகளின் கணக்கு எவரிடமும் இருக்கப்போவதில்லை. எனினும் ஒன்று தெளிவு: 1936இல் இப்போலியும் விலகினார். ஒடெஸ்ஸாவிற் பிறந்தவரும் இளமையிற் பிடில் வித்தகராய் விளங்கியவருமான போரிஸ் க்ரோய்ட் வயோலாவை ஏற்றார். 1927 முதல் 1936 முடிய ஒன்பதே ஆண்டுகளில் நான்கு நாற்காலியும் ஆள்மாறின, பெயர்ப்பலகை மாறவில்லை.

ஒரு ரஷ்யர் இன்னது, இருவர் இன்னது, மூவர் இன்னது என்று அடுக்கிச் சென்று, ரஷ்யர் நால்வர் கூடினால் அதுவே புடாபெஸ்ட் குழு என்று முடியும் வேடிக்கைப் பேச்சு ஒன்று இசைவாணரிடை உலவியது. நகைச்சுவையாய் நன்றே. ஆயின் பெயரை ஆராய்வார்க்கு ரஷ்யர் என்னும் அச்சொல்லும் அத்துணை உறுதியானதன்று. ஒடெஸ்ஸா இன்று உக்ரைன் நாட்டு நகரம். வில்னா இன்று லித்துவேனியாவின் தலைநகராகிய வில்னியஸ். அவர்கள் பிறந்தகாலை அவ்வூர்களெல்லாம் ரஷ்யப் பேரரசுக்கு உட்பட்டிருந்தன. அதனால் ரஷ்யர் எனப்பட்டனர். நால்வரும் யூதர். அதுபற்றியே, பெர்லினை இருப்பிடமாய்க் கொண்டிருந்த அவர்கள், நாஜியர் ஆட்சிக்கு வந்தபின் 1934இல் செர்மனியை விட்டுப் பாரிஸுக்குப் பெயர நேர்ந்தது. 1938இல் அமெரிக்காவை அடைந்து அங்கேயே நிலைத்தனர். பிறந்த ஊரும், வாழ்ந்த ஊரும், பேரரசும் ஒன்றன்பின் ஒன்றாய்க் கைவிட்ட அந்நால்வர்க்கு, தாம் ஒருபொழுதும் சேர்ந்து வாழ்ந்திராத ஓர் ஊரின் பெயரே கடைசிவரை கைவிடாத முகவரியாயிற்று. இதனைப் பொய்ப்பெயர் என்பார் என்னட்டும். எனக்கு அவ்வாறு கூற நாவெழவில்லை.

இனி, என் நண்பர்க்கு யான் கூறிய விடை. நான்கு நாற்காலியும் ஒருநாளில் ஒருங்கே மாறியிருந்தால் அது களவே. ஒரு கடையை விலைக்கு வாங்கிப் பழைய பெயர்ப்பலகையை வைத்துக்கொள்ளுதல் போன்றது அது. இங்கோ ஒவ்வொரு முறையும் ஒருவர் நீங்கினார், மூவர் நின்றனர். வந்தவர்க்கு அம்மூவர், இக்குழுவில் இவ்விடத்தை இப்படி வாசிப்போம், இத்தகைய பிணக்கை இப்படித் தீர்ப்போம் என்று உரைத்தனர், வந்தவரும் தம் கருத்தை உரைத்தார், வாக்கெடுத்தனர். ரோய்ஸ்மன் ஹௌஸரின் பக்கத்தில் ஐந்தாண்டு அமர்ந்து கேட்டபின்னரே ஹௌஸரின் நாற்காலியில் அமர்ந்தார். ஆசிரியர் மரபு என்பதும் இதுவேயன்றோ? உரையாசிரியர் ஒருவர் முன்னையோர் உரையை ஏற்றும் மறுத்தும் செல்லுங்கால், அவரை மரபுக்குப் புறம்பானவர் என்பாரில்லை.

சென்ற ஆண்டுப் பழைய மாணவர் கூட்டத்துக்கு வந்திருந்த முதியவர் ஒருவர், நூலகப் படிக்கட்டில் நின்று நாற்புறமும் நோக்கி, நாங்கள் படித்த கல்லூரி இதுவன்று தம்பி என்று என்னிடம் கூறினார். ஒருவகையில் உண்மையே. அவர்க்குக் கற்பித்தார் ஒருவரும் இன்று இங்கில்லை. அவரோடு கற்றாரும் இல்லை. ஆயினும் அவர் மூன்றாமாண்டு படிக்கையில் முதலாண்டு மாணவர் ஒருவர் வந்து, மணியடித்தால் எப்பக்கம் ஓடவேண்டும் என்று அவரைக் கேட்டிருப்பார். அச்செய்தி கைமாறிக் கைமாறி என்னிடமும் வந்திருக்கிறது. இதனை அவரிடம் சொல்ல நினைத்தேன். அதற்குள் அவரைத் தேநீருக்கு அழைத்துச் சென்றுவிட்டனர்.

இவ்வளவோடு கட்டுரையை முடித்திருந்தால் யான் வெற்றியுடன் விலகியிருப்பேன். அந்தப் பதினொருவர் பெயரையும் ஒரு தாளில் நாற்காலிவாரியாக எழுதிப் பார்த்தமையால் வந்தது தொல்லை. முதற் பிடில் வாசித்தவர் ஐம்பதாண்டில் இருவர்: ஹௌஸர், ரோய்ஸ்மன். வயோலா வாசித்தவர் இருவர்: இப்போலி, க்ரோய்ட். செல்லோ வாசித்தவரும் இருவரே: ஸன், மிஷா. இரண்டாம் பிடில் வாசித்தவரோ அறுவர்! இண்டிக், போகானி, ரோய்ஸ்மன், அலெக்சாண்டர், ஓர்ட்டன்பெர்க், கோரொடெட்ஸ்கி; பின்னர் மீண்டும் அலெக்சாண்டர். மூன்று நாற்காலி ஒவ்வொரு முறையே மாற, ஒரு நாற்காலி மட்டும் ஆறு முறை மாறியது ஏன்?

ஊதியம் குறைவு என்று கூறவியலாது. விதி அதற்கு இடந்தரவில்லை. வேலை எளிது என்றும் கூறவியலாது. யான் ஊகிப்பது இது. வயோலாவும் செல்லோவும் வாசிப்பார்க்குத் தம் கருவியில் தாமே முதல்வர்; அக்குழுவில் அவர்க்கு ஒப்பு நோக்கத்தக்கார் பிறரில்லை. இரண்டாம் பிடிலார்க்கோ அதே கருவியை அதே திறனோடு வாசிக்கும் ஒருவர் உடன் அமர்ந்திருக்கின்றார். கேட்போர் காதிற் பாட்டின் முகப்பு அவரிடமிருந்தே பெரும்பாலும் எழுகின்றது. இவர் செய்வது அந்த முகப்பைத் தாங்குதல். உள்ளே நடக்கும் அசைவையெல்லாம் நடத்துதல். தம் ஓசை தனித்துத் தெரியாதபடி அதே ஓசையை உயிரோடு வைத்திருத்தல். ஊதியத்தைச் சமமாக்க விதியால் இயலும். புகழைச் சமமாக்க எவ்விதியாலும் இயலாது. ரோய்ஸ்மன் அந்நாற்காலியினின்று முதல் நாற்காலிக்கு உயர்ந்தார். அலெக்சாண்டர் 1944இல் அதனின்றும் எழுந்து, தனியே தலைமை தாங்கி இசைநடத்தும் வாழ்வைத் தேடிச் சென்றார். 1950இல் பிரான்ஸ் நாட்டுப் பிராட் என்னும் சிற்றூரில் பாப்லோ கசால்ஸைக் கொண்டு பெரியதோர் இசைவிழாவை நடத்துவித்தவர் அவரே. அவர்க்குப்பின் எட்கர் ஓர்ட்டன்பெர்க் 1949 வரை அங்கிருந்தார். அடுத்து வந்தவர் யாக் கோரொடெட்ஸ்கி.

இவரைப்பற்றி எழுதுகையில் என் எழுதுகோல் தயங்குகின்றது. ஆறாண்டு அக்குழுவில் வாசித்தார். பெத்தோவன் இயற்றிய நால்வர் இசை முழுவதையும் 1951, 1952 ஆகிய ஆண்டுகளில் அக்குழு நீள்தட்டுகளிற் பதிவுசெய்தபொழுது இரண்டாம் பிடில் இவருடையதே. அப்பதிவுகள் இன்றும் கேட்கக் கிடைக்கின்றன. 1955ஆம் ஆண்டில் அவர் தம் உயிரைத் தாமே போக்கிக்கொண்டார். ஒருவர் உள்ளத்துள் நடந்ததைப் புறத்திருந்து உரைப்பது தகாது. இன்னதாலே நேர்ந்தது என்று யான் கூறப்போவதில்லை. யான் கூறவல்லது பின்னர் நடந்ததைப்பற்றியே. அலெக்சாண்டர் ஷ்னைடர் திரும்பி வந்தார்; நாற்காலி நிரம்பிற்று; கச்சேரிகள் தொடர்ந்தன. விளம்பரத்தாளிற் குழுவின் பெயர் முன்போலவே அச்சாயிற்று.

பெயர் நிலைத்து நிற்பதை யான் மேலே போற்றி எழுதினேன். அவ்வரிகளைத் திரும்பப் படிக்கையில் ஒன்று உறுத்துகின்றது. ஆள் மாறினும் பெயர் நிற்கும் என்பதில் ஓர் ஆறுதல் இருப்பதுபோலவே ஒரு கொடுமையும் இருக்கின்றது. எவர் எழுந்து போனாலும் நாற்காலி நிரம்பிவிடும் என்று அறிந்த அமைப்பு, அமர்ந்திருப்பவரைக் கூர்ந்து நோக்க மறந்துவிடக்கூடும். புடாபெஸ்ட் குழுவினர் மறந்தனர் என்று யான் குற்றஞ்சாட்டவில்லை. அவர் தோழரை இழந்து துயருற்றிருப்பர் என்பதில் ஐயமில்லை. ஆனால் அக்குழுவைப் போற்றும் நாம் மறக்கின்றோம். ரோய்ஸ்மன், க்ரோய்ட், ஷ்னைடர் உடன்பிறந்தார் என்று எண்ணுகின்றோமே அன்றிக் கோரொடெட்ஸ்கியை எண்ணுவார் சிலரே. 1951ஆம் ஆண்டுப் பதிவைக் கேட்போர் ஒருமுறையேனும் இரண்டாம் பிடிலை மட்டும் பின்பற்றிச் செவிசாய்த்துக் கேட்குமாறு வேண்டுகின்றேன். முதல் நாளில் அது காதிற் பிடிபடாது. எனக்கும் பிடிபடவில்லை.

இதற்கு மறுதலையான வரலாறு ஒன்றும் உண்டு. இங்கிலாந்தில் 1947இல் தோன்றிய அமேடியஸ் குழுவினர் நால்வர் நாற்பதாண்டு ஒருவரும் மாறிலர். நார்பர்ட் பிரெய்னின், சீக்மண்ட் நிஸ்ஸல், பீட்டர் ஷிட்லோஃப் ஆகிய மூவரும் வியன்னாவிலிருந்து இங்கிலாந்தில் அடைக்கலம் புகுந்தோர். போர்க்காலத்தில் பகைநாட்டார் எனக் காவலில் வைக்கப்பட்டு அதனாலே ஒருவரையொருவர் அறிந்தோர். செல்லோ வாசித்த மார்ட்டின் லவெட் இலண்டனைச் சார்ந்தவர். 1987இல் வயோலா வாசித்த ஷிட்லோஃப் இறந்தார். எஞ்சிய மூவரும் வேறொருவரைத் தேடாது குழுவைக் கலைத்துவிட்டனர். இதுவே நேர்மை, இதுவே அன்பு என்பது என் நண்பர் கட்சி. கேட்டவுடன் நெஞ்சு நெகிழ்வது உண்மையே. ஆனால் அமேடியஸ் குழுவினர் அவ்வாறு செய்தமையால் புடாபெஸ்ட் குழுவினர் செய்தது தாழ்ந்ததாகிவிடுமோ? நாற்பதாண்டு நால்வர் ஒரே உடம்பாய் வளர்ந்துவிட்ட இடத்தில் புதியவர் ஒருவர் வந்து கற்பதற்கு என்ன இருக்கிறது? அவர் என்றும் விருந்தினராகவே இருந்திருப்பார். புடாபெஸ்ட் குழுவிலோ மூன்றாம் ஆண்டிலேயே ஆள்மாற்றம் நேர்ந்துவிட்டது. புதியவரை உள்ளே கொள்ளுதலும் அவர்தம் கலையின் ஒரு பகுதியாய் அமைந்தது. ஒன்று குடும்பம், மற்றொன்று பள்ளி. நியூயார்க் நகரத்து ஜூலியர்ட் குழு உண்மையிலேயே ஒரு பள்ளியின் பெயரைப் பூண்டது. 1946இல் அதனை நிறுவியவருள் ஒருவரான ராபர்ட் மான் ஐம்பத்தோராண்டு முதற் பிடில் வாசித்து 1997இல் ஓய்வுபெற்ற பின்னும் அது நடைபெற்று வருகின்றது.

ஓரிடத்தில் மட்டும் என் நண்பர்க்குத் தோற்றதாக ஒப்புக்கொள்கின்றேன். ஆள் மாறினும் இசை மாறவில்லை என்று முதலில் வாதிட்டேன். அது பிழை. ஹௌஸர் முதற் பிடிலாயிருந்த காலத்து இசைத்தட்டுகளையும், ரோய்ஸ்மன் காலத்துத் தட்டுகளையும் அடுத்தடுத்துக் கேட்டால் வேறுபாடு விளங்கும். முன்னதில் விரல் ஒரு சுரத்தினின்று மற்றொன்றுக்கு வழுக்கிச் செல்கின்றது. நம் வித்துவான்கள் ஜாரு என்பதற்கு ஒப்பான அவ்வழுக்கல் அக்கால ஐரோப்பியப் பிடிலார்க்கு இயல்பு. பின்னதில் அது பெரிதும் அருகிவிட்டது. தாளம் இறுகியது, நான்கு குரலும் தனித்தனித் தெளிவாயின. எனவே பெயர் ஒன்றாயினும் பேச்சு வேறு. முன்னதை வாசித்தோர் கீழோர், பின்னதை வாசித்தோர் மேலோர் என்பார் கூற்றை யான் ஏலேன். சங்கத் தமிழும் பிற்காலத் தமிழும் வேறுவேறு நடையின. எனினும் இரண்டும் தமிழே. இக்குழுவைப் பற்றியும் அவ்வாறே கூறுதல் பொருந்தும். மாற்றத்தை மறைக்காமல் கூறுவதே அப்பெயருக்கு நாம் செய்யும் மரியாதை.

அமெரிக்கா சென்றபின் அவர்கட்கு வாய்த்த ஒரு பேற்றைக் கூறாது விடலாகாது. 1940 முதல் 1962 வரை வாஷிங்டன் நகரத்துக் காங்கிரஸ் நூலகத்தின் குழுவாக விளங்கினர். கிரெமோனா நகரத்து ஸ்ட்ராடிவாரி தம் கையாற் செய்த ஐந்து கருவிகளை, கெர்ட்ரூட் விட்டால் என்னும் சீமாட்டியார் அந்நூலகத்துக்கு வழங்கியிருந்தார். அங்கே வாசிக்கும்பொழுது அக்கருவிகளையே கையாண்டனர். ஸ்ட்ராடிவாரி இறந்தது 1737இல். எத்தனையோ கைகள் அவற்றின் கழுத்தைப் பற்றி, எத்தனையோ மோவாய்கள் அவற்றின்மீது படிந்து நீங்கின. தந்தி மாற்றினர், பாலம் மாற்றினர், பின்வந்தோர் கழுத்தையே நீட்டியும் சாய்த்தும் அமைத்தனர். ஆயினும் ஸ்ட்ராடிவாரியின் பிடில் அன்று என்று எவரும் சொல்வதில்லை. 1962இல் அந்நூலக மேடை ஜூலியர்ட் குழுவின் கைக்குச் சென்றது.

பின்னும் ஐந்தாண்டு வாசித்தனர். 1958 முதல் 1961 முடியப் பெத்தோவன் முழுவதையும் மீண்டும் ஒருமுறை, இரட்டைச் செவிப் பதிவாகச் செய்திருந்தனர். அதில் சிற்சில இடங்களில் சுருதி தளர்வதை என்போன்றார் காதும் உணரும். முதுமை வில்லிலும் விரலிலும் ஏறிவிட்டது. எனினும் மெல்லென நகரும் பகுதிகளிற் சில எனக்கு முந்திய பதிவினும் உவப்பானவை. காரணம் கேட்டாற் கூறத் தெரியாது. 1967இல் நிறுத்தினர். இம்முறை அடுத்தவர் எவரையும் அழைக்கவில்லை. க்ரோய்ட் 1969இலும், ரோய்ஸ்மன் 1974இலும், மிஷா 1985இலும் மறைந்தனர். கடைசியாக அலெக்சாண்டர் 1993இல் மறைந்தார்.

நன்னூல் வினாவுக்கு வருவோம். புடாபெஸ்ட் என்னும் பெயர் காரணமாய்ப் பிறந்து, காரணம் ஒழிந்தபின் இடுகுறியாய் நின்றது என்றே யான் விடை எழுதியிருந்தேன். அதன்பிறகு அறிந்த செய்தி ஒன்று அவ்விடையையும் சற்றே அசைத்துவிட்டது. அக்குழு ஓய்ந்த பின்னர், ஹங்கேரி நாட்டு இசைவாணர் நால்வர் கூடி ஒரு குழு அமைத்தனர். அவர்கள் அந்நாட்டினர், அந்நகரின் பெயருக்கு முழு உரிமையுடையோர். ஆயினும் வெறும் புடாபெஸ்ட் குழு என்று அவர்கள் தம்மை அழைத்துக்கொண்டால் உலகத்தார் ஒடெஸ்ஸா, வில்னா நகரத்தாரையே நினைப்பர். ஆகவே அவர்கள் தம் சொந்த ஊரின் பெயருக்கு முன்னே ஓர் அடை சேர்க்கவேண்டியதாயிற்று. புதிய புடாபெஸ்ட் குழு என்று பெயரிட்டுக்கொண்டனர்.